சிரிக்காத கூட்டம் எனக்குப் புதிதல்ல

புக்கிட் பாத்தோக்,
6 ஏப்ரல் 2025

அன்பு மகன் ஸைஃபுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். பெருநாள் பலகாரம் தீர்ந்துவிட்டது, என் முட்டிவலி தீரவில்லை, மற்றபடி இறைவன் அருளால் சுகம். நீ அங்கே ஆஸ்திரேலியச் சுரங்கத் தூசியில் இருமாமல் இருக்கிறாய் என்று நினைத்துக்கொள்கிறேன்.

போனில் பேசினால் நீ கத்துகிறாய், நான் அதைவிடக் கத்துகிறேன், கடைசியில் யார் முதலில் போனை வைத்தது என்பதே தனிச் சண்டையாகிறது. அதனால் இனி மின்னஞ்சல். தமிழில் எழுது. உன் ஆங்கிலத்தைப் படித்தால் எச்.ஆர். அதிகாரி என்னை வேலையைவிட்டு அனுப்புவது போலவே இருக்கிறது. அவர்களுக்கு அந்தச் சிரமம் வேண்டாமென்று நானே ராஜினாமா கொடுத்துவிட்டேன்.

ஆமாம், கொடுத்தேவிட்டேன். இத்தனை வருடம் சிங்கப்பூர் வீவக அடுக்குமாடி புளோக்குகளில் லிஃப்ட் ஏறி, லிஃப்ட்டின் தலைமேலும் ஏறி, சோதித்துக் கையெழுத்துப் போட்டது போதும். இனி மேடையில் நின்று ஆட்களைச் சிரிக்க வைப்பதும், கூப்பிட்டால் நடிப்பதும்தான் என் தொழில்.

எங்கே ஆரம்பித்தது தெரியுமா? உன் வாப்பா மவுத்தான பிறகு நான் வெளியே போகாமல் வீட்டோடு இத்தா இருந்தேனே, அந்த நாலு மாதம் பத்து நாளில். ஒருநாள் துக்கம் கேட்க வந்த ஜரீனா மாமி என்னைக் கட்டிப்பிடித்து அழுதாள். அழுதுகொண்டே, "நஃபீசா, இந்த சோபா எங்க வாங்குனே? ஆஃபர் இன்னும் இருக்கா?" என்றாள். "இருக்கு மச்சி, ஆனா புருசன் போனாத்தான் கொடுப்பாங்களாம்" என்றேன். எப்படி வாயில் வந்தது என்று எனக்கே தெரியாது. அறையிலிருந்த பெண்கள் சிரித்த சிரிப்பில் பக்கத்து வீட்டுச் சீனக் கிழவர் எட்டிப் பார்த்தார். பல வாரத்துக்குப் பிறகு அன்றைக்குத்தான் எனக்குப் பசித்தது.

எனக்கு மேடையும் வேண்டும், நீயும் வேண்டும். ஒன்றைக் கொடுத்து இன்னொன்றை வாங்கு என்று மட்டும் சொல்லாதே.

துஆவுடன்,
வேலையில்லாத உன் உம்மா


பெர்த்,
13 ஏப்ரல் 2025

அன்புள்ள உம்மாவுக்கு,

வ அலைக்கும் சலாம். நான் நலம். தூசிக்கு முகமூடி தந்திருக்கிறார்கள். முட்டிவலிக்கு டாக்டரைப் பாருங்கள், ஜரீனா மாமியின் எண்ணெயைப் பார்க்காதீர்கள்.

கோபப்படாமல் எழுத ஒரு வாரம் எடுத்துக்கொண்டேன். உங்களுக்கு ஐம்பத்து நான்கு வயது. நீங்கள் கையெழுத்துப் போட்டால் ஒரு புளோக்கின் லிஃப்ட் ஓடும், போடாவிட்டால் நிற்கும். அப்படிப்பட்ட பதவியில் இருந்த பெண்கள் நம் சொந்தத்தில் வேறு யாருமில்லை. வாப்பா கடைக்கு வருகிறவர்களிடமெல்லாம் அதைத்தான் சொல்வார். அதை விட்டுவிட்டு ஞாயிற்றுக்கிழமை சாப்பாட்டுக்கடை மாடியில் நின்று ஜோக் சொல்வதா?

இத்தாவைப் பற்றியெல்லாம் மேடையில் பேசுகிறீர்களாமே. அது மார்க்க விஷயம். ஆட்கள் என்ன நினைப்பார்கள்? வாப்பாவைப் பற்றியும் பேசுகிறீர்களா? வேறு யாரைப் பற்றியெல்லாம் பேசுகிறீர்கள்?

ராஜினாமாவைத் திரும்பப் பெற முடியுமா என்று கேட்டுப் பாருங்கள். உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

அன்புடன்,
ஸைஃப்


புக்கிட் பாத்தோக்,
20 ஏப்ரல் 2025

அன்பு மகனுக்கு,

சலாம். டாக்டரைப் பார்த்தேன். அவர் முட்டியைப் பார்க்காமல் கணினியையே பார்த்தார். அதிலிருந்து மூன்று நிமிட ஜோக் கிடைத்தது, ஆகவே செலவு வீணில்லை. நீ நேரத்துக்குச் சாப்பிடுகிறாயா?

ராஜினாமாவைத் திரும்பக் கேட்க மாட்டேன். அதைப் பற்றி இனி எழுதாதே.

இத்தாவை நான் கேலி செய்யவில்லை. ஒரு நாள் குறையாமல் முறையாக இருந்தவள் நான். கேலி செய்வது, துக்கம் கேட்க வந்துவிட்டு என் பிரிட்ஜைத் திறந்து பார்த்தவர்களை. அவர்கள் வீட்டுப் பெண்கள்தான் இப்போது டன்லப் ஸ்திரீட் சாப்பாட்டுக்கடை மாடியில் முன்வரிசையில் உட்கார்ந்து விழுந்து விழுந்து சிரிக்கிறார்கள். ஆட்கள் என்ன நினைப்பார்கள் என்று கேட்டாயே, இதைத்தான் நினைக்கிறார்கள்.

முதல் தடவை ஒருவரும் சிரிக்கவில்லை, அதையும் சொல்லிவிடுகிறேன். எனக்குப் பிறகு பேச வேண்டிய ரக்ஷனா என்ற பெண், "ஆண்ட்டி, பயந்துடாதீங்க லா, எல்லாருக்கும் அப்படித்தான்" என்று தண்ணீர் கொடுத்தாள். நான் பயப்படவில்லை. லிஃப்ட்டுக்குள் யாராவது சிரித்துப் பார்த்திருக்கிறாயா? எல்லாரும் மாடி எண்ணைப் பார்த்துக்கொண்டு எப்போது வெளியே போகலாம் என்றுதான் நிற்பார்கள். சிரிக்காத கூட்டம் எனக்குப் புதிதல்ல.

நடிப்பும் வந்திருக்கிறது. தொலைக்காட்சி நாடகத்தில் பக்கத்து வீட்டுப் பெண்மணி. வசனம், "காப்பி ஆறிடும்." அவ்வளவுதான். இன்னொரு நாடகத்தில் அழுகிற விதவை வேடம் கேட்டார்கள். "எங்க வீட்டுல என்னைவிட அதிகமா அழுதது என் நாத்தனார்தான், அவங்களைக் கூப்பிடுங்க" என்று சொல்லிவிட்டு வந்தேன்.

யாரைப் பற்றியெல்லாம் பேசுகிறேன் என்றாய். என்னைப் பற்றி, லிஃப்ட்டைப் பற்றி, சொந்தக்காரர்களைப் பற்றி. வேறு யாரை எனக்குத் தெரியும்?

துஆவுடன்,
காப்பி ஆற விடாத உம்மா


பெர்த்,
11 மே 2025

அன்புள்ள உம்மாவுக்கு,

சலாம். நலம். வேலை அதிகம், அதனால் சுருக்கமாக எழுதுகிறேன்.

முத்தலிப் மாமா எப்படி இருக்கிறார்? உங்கள் நிகழ்ச்சிக்கு அவர் வருவதுண்டா? வாட்ஸ்அப்பில் வருகிற வீடியோக்களையெல்லாம் அவர் பார்ப்பாரா?

ஸைஃப்


புக்கிட் பாத்தோக்,
15 ஜூன் 2025

அன்பு மகனுக்கு,

சலாம். நான் சுகம். நீ சுகமா என்பதை ஹஜ்ஜுப் பெருநாளன்று நீ அனுப்பிய ஆட்டுப் படத்திலிருந்து நானே ஊகித்துக்கொண்டேன். ஆடு நன்றாக இருந்தது. உன் மே மாதக் கடிதத்துக்கு உடனே பதில் போட்டேன், போன வாரம் இன்னொன்று போட்டேன். இரண்டுக்கும் சத்தமில்லை.

அவற்றில் எழுதியதையே திரும்ப எழுதுகிறேன். என் நானா முத்தலிப் நன்றாக இருக்கிறார். வீடியோ பார்க்க முதலில் கண்ணாடியைத் தேடுவார், கண்ணாடி கிடைப்பதற்குள் எதற்குத் தேடினோம் என்பது மறந்துவிடும். எதற்குக் கேட்டாய்? என் மகனிடமிருந்து கடைசியாக வந்த கடிதத்தில் என்னைப் பற்றி ஒரு கேள்விகூட இல்லை, என் அண்ணனைப் பற்றி மூன்று கேள்வி. எனக்கு வருத்தமாக இருந்தது, சொல்லிவிட்டேன்.

பெரிய செய்தி ஒன்று. செப்டம்பர் இருபதாம் தேதி வாட்டர்லூ ஸ்திரீட் பக்கம் ஒரு சின்ன அரங்கில் என்னுடைய தனி நிகழ்ச்சி. ஒரு மணி நேரம், நான் மட்டும். சுவரொட்டியில் என் படம், தலையில் ஹிஜாப், அதன்மேல் என் பழைய பாதுகாப்புத் தொப்பி. முன்வரிசையில் நடு இருக்கை உனக்கு. நீ வராவிட்டாலும் அந்த நாற்காலியில் வேறு யாரையும் உட்கார விடமாட்டேன்.

என்ன நடந்தது, சொல்லு. மனத்தில் வைத்துக்கொண்டு ஆட்டுப் படம் அனுப்பாதே.

துஆவுடன்,
உம்மா


பெர்த்,
22 ஜூன் 2025

அன்புள்ள உம்மாவுக்கு,

சலாம். நான் நலமில்லை. கேட்டீர்கள், சொல்கிறேன்.

மே மாத ஆரம்பத்தில் சுரங்கத் தளத்துச் சாப்பாட்டுக் கூடத்தில் உட்கார்ந்திருந்தேன். வெங்கட் என்று இங்கே ஒருவன், சிங்கப்பூர் ஈசூன்காரன். "டேய் மச்சான், இதைப் பாரேன், நம்ம ஊரு ஆண்ட்டி, செம காமெடி லா" என்று போனை நீட்டினான். நீங்கள்தான். சோபா ஜோக் என்று நினைத்தேன். இல்லை. என் வாப்பாவின் அடக்கம்.

"மகன் பெர்த்ல மாட்டிக்கிட்டான், அன்னிக்கு ஃபிளைட் இல்ல. எங்க நானா கபுருஸ்தான்ல நின்னு வீடியோ கால் போட்டாரு. கேமரா அவர் பக்கமே திரும்பியிருக்கு! வாப்பாவை அடக்கின மொத்த நேரமும் என் மகன் பார்த்தது மாமாவோட தாடியையும் ரெண்டு மூக்கு ஓட்டையையும்தான். அவர் இன்னிக்கு வரைக்கும் சொல்றாரு, 'கை வலிக்க வலிக்கப் பிடிச்சேன், நல்லா தெரிஞ்சதுல்ல?' பாவம், என் மகனும் சொல்றான், 'சூப்பரா தெரிஞ்சது மாமா.'"

கூடமே சிரித்தது. வெங்கட் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "அந்தப் பையன் நெலமையை யோசிச்சுப் பாருடா" என்றான். அந்தப் பையன் நான்தான் என்று அவனிடம் சொல்லவில்லை. தட்டைக் கழுவி வைத்துவிட்டு வெளியே போனேன்.

இத்தா உங்களுடையது, என்ன வேண்டுமானாலும் சொல்லுங்கள். இது உங்களுடையதில்லை. மாமாவின் காதுக்குப் போனால் அவர் உடைந்துபோவார். அந்த ஜோக்கை எடுத்துவிடுங்கள். எடுக்காவிட்டால் செப்டம்பரில் என்னை எதிர்பார்க்காதீர்கள்.

ஸைஃப்


புக்கிட் பாத்தோக்,
29 ஜூன் 2025

ஸைஃபுக்கு,

சலாம். நீ நலமில்லை என்று எழுதிய பிறகு நான் நலம் என்று எழுதக் கை வரவில்லை.

ஆனால் எடுக்க மாட்டேன்.

அந்தக் கதையை எனக்குச் சொன்னது யார்? நீ. அடக்கம் முடிந்து இரண்டாம் நாள் வந்து இறங்கினாய். சமையலறையில் நின்று, மாமா மாதிரியே தாடையைத் தூக்கி, போனைப் பிடித்து நடித்துக் காட்டினாய். முதலில் சிரித்தது நீ. வாப்பா போன பிறகு நான் சிரித்த முதல் சிரிப்பும் அதுதான். சிரித்துச் சிரித்து இருவரும் தரையில் உட்கார்ந்துவிட்டோம். அப்போது அது உன்னுடையது, என்னுடையது என்று பிரித்தா சிரித்தோம்?

நானும் அடக்கத்தைப் பார்க்கவில்லை, ஸைஃப். பெண்கள் வீட்டில் இருந்தோம். கடைசியாக வாப்பாவைக் கொண்டுபோனபோது வாசல்வரை பார்த்ததுதான். நீ சொன்ன அந்தத் தாடியும் மூக்கும்தான் எனக்குக் கிடைத்த அடக்கம். அதையும் பிடுங்குகிறாய்.

எல்லாரும் என்னிடம் எதையாவது எடுக்கச் சொல்கிறார்கள். அலுவலகத்தில் பேச்சைக் குறை என்றார்கள். ஜரீனா மாமி சோபாவை எடு என்கிறாள். நாடக இயக்குநர் ஹிஜாப் கலரைக் குறை என்கிறார். எடுத்து எடுத்துக் கடைசியில் மேடையில் மைக் மட்டும்தான் நிற்கும். நீ வராவிட்டால் நான் அழுவேன். அழுதுவிட்டு மேடை ஏறுவேன்.

எதற்கு இவ்வளவு கோபம் என்றுதான் இன்னும் புரியவில்லை. நானாவுக்காக மட்டும் இவ்வளவு கோபப்படுகிறவன் இல்லை நீ.

உம்மா


பெர்த்,
17 ஆகஸ்ட் 2025

அன்புள்ள உம்மாவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். முட்டி எப்படி இருக்கிறது? இங்கே குளிர். இந்தக் கடிதத்தை ஐந்தாறு தடவை எழுதி அழித்தேன்.

நீங்கள் கேட்டது சரிதான். மாமாவுக்காக மட்டும் இல்லை.

அன்றைக்குத் தளத்தில் என் அறையில் கட்டில்மேல் உட்கார்ந்திருந்தேன். மாமாவின் தாடை தெரிந்தது. பின்னால் துஆ சத்தம் கேட்டது, மண்வெட்டிச் சத்தம் கேட்டது. "மாமா, கேமராவைத் திருப்புங்க" என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும், திருப்பியிருப்பார். வாயைத் திறந்தேன். சொல்லவில்லை. மூடிக்கொண்டேன். எனக்குப் பார்க்க வேண்டாம் என்றிருந்தது. அவர் தாடியில் எத்தனை நரை என்று பார்த்துக்கொண்டே இருந்தேன். முடியும்வரை அப்படியே இருந்தேன்.

உங்களிடம் அதை வேடிக்கையாக நடித்துக் காட்டியது, நீங்கள் "ஏன்டா நீ சொல்லலே" என்று கேட்டுவிடக் கூடாது என்றுதான். நீங்கள் கேட்கவுமில்லை. அந்த ஒரு வாரமும் மாமா என்னைக் கபுருக்குக் கூப்பிட்டார். ஜுரம் என்றேன், தலைவலி என்றேன். இன்றுவரை நான் வாப்பாவின் கபுரைப் பார்த்ததில்லை.

ஒவ்வொரு ஞாயிறும் நீங்கள் அதைச் சொல்லும்போது, எங்கோ ஒருவர் எழுந்து, "பையன் வாயைத் திறந்து சொல்லியிருக்கலாமே" என்று கேட்டுவிடுவார் என்று பயமாக இருக்கிறது. இவ்வளவுதான். எடுப்பதும் எடுக்காததும் உங்கள் இஷ்டம். செப்டம்பரில் எனக்கு லீவு இல்லை, இது உண்மை.

உங்கள் மகன்,
ஸைஃப்


புக்கிட் பாத்தோக்,
20 ஆகஸ்ட் 2025

என் வாப்பா ஸைஃபுக்கு,

சலாம். படித்தேன். முட்டி பரவாயில்லை.

குளிருக்கு நல்ல போர்வை வாங்கிக்கொள். வேறு எதுவும் இப்போது எழுத மாட்டேன்.

உம்மா


புக்கிட் பாத்தோக்,
21 செப்டம்பர் 2025

அன்பு மகன் ஸைஃபுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். தொண்டை கட்டிவிட்டது, கால் வீங்கிவிட்டது, இவ்வளவு சுகமாக நான் இருந்ததே இல்லை.

அரங்கு நிறைந்தது. முன்வரிசை நடு நாற்காலி காலி, சொன்னபடி. ஜரீனா மாமி வந்திருந்தாள். சோபா ஜோக் வந்தபோது எழுந்து நின்று, "அது நான்தான்!" என்று கையைத் தூக்கினாள். எல்லாரும் கைதட்ட, ஒரு மாதிரி ராணியைப் போல உட்கார்ந்தாள்.

உன் ஜோக்கைச் சொல்லவில்லை. நீ மிரட்டியதால் இல்லை. ஜூனில் நீ மிரட்டினாய், ஜூலை முழுக்கச் சொன்னேன். அந்தக் கடிதத்தைப் படித்த பிறகு என்னால் முடியவில்லை. அந்த இடத்துக்குக் காப்பி நாடகத்தை நீட்டிச் சமாளித்தேன்.

முடிந்து வெளியே வந்தால் வாசலில் முத்தலிப் நானா. நான் கூப்பிடவே இல்லை, தானே டிக்கெட் வாங்கி வந்து கடைசி வரிசையில் உட்கார்ந்திருக்கிறார். முகம் சரியில்லை.

"என்னா நஃபீசா, என் தாடியை எடுத்துட்டே? அதைக் கேக்கத்தானே வந்தேன்" என்றார்.

"உங்களுக்கு எப்படித் தெரியும், நானா?"

"ஊரே எனக்கு அனுப்பிருச்சு லா. என் பேரன் போன்ல போட்டுக் காட்டிட்டான்."

"நானா, மன்னிச்சுக்கங்க. கேமரா திரும்பியிருந்தது உங்களுக்குத் தெரியாதுன்னு…"

"யாருக்குத் தெரியாது? நான் என்ன குருடனா? போன்ல பெரிசா ஸைஃப் மொகம், மூலையில சின்னதா என் மொகம். பார்த்துட்டேன். திருப்பத்தான் போனேன். அப்புறம் புள்ளையைப் பார்த்தேன். ஒத்தையா ஒரு கட்டில்ல உக்காந்திருக்கான். தோளைப் பிடிக்கப் பக்கத்துல ஒரு ஆள் இல்ல. அவனுக்கு மண்ணையா காட்டச் சொல்றே? மாமா மொகத்தையே பார்த்துக்கிட்டு இருக்கட்டும்னு அப்படியே பிடிச்சிருந்தேன்."

"அப்புறம் ஏன் நல்லா தெரிஞ்சதான்னு கேட்டுக்கிட்டே இருந்தீங்க?"

"அவன் 'நல்லா தெரிஞ்சது மாமா'ன்னான். சரி, அவனுக்கு அப்படி இருந்தா நல்லதுன்னு நானும் அதையே சொல்லிக்கிட்டேன். கை வலிச்சது நெஜம்தானே!"

ஸைஃப், வாசலில் ஆட்கள் என்னோடு படம் எடுக்க நின்றார்கள். நான் என் அண்ணன் சட்டையைப் பிடித்துக்கொண்டு அழுதேன். ரக்ஷனா அதையும் நிகழ்ச்சியின் பகுதி என்று நினைத்துக் கைதட்டினாள்.

நீ எழுதியதை நானாவிடம் சொல்லவில்லை. அது நீ சொல்ல வேண்டியது. அக்டோபரில் பினாங்கில் கூப்பிட்டிருக்கிறார்கள், போகிறேன். யாரும் தடுக்க முடியாது, நீயும்தான்.

துஆவுடனும் பிய்ந்துபோன தொண்டையுடனும்,
உம்மா


பெர்த்,
28 செப்டம்பர் 2025

அன்புள்ள உம்மாவுக்கு,

வ அலைக்கும் சலாம். தொண்டைக்கு வெந்நீர் குடியுங்கள். பினாங்குக்குப் போங்கள், போக வேண்டாம் என்று யார் சொன்னது?

வெங்கட்டிடம் அந்தப் பையன் நான்தான் என்று சொன்னேன். அரை மணி நேரம் மன்னிப்புக் கேட்டான். பிறகு உங்கள் கையெழுத்து வேண்டுமென்றான்.

அந்த ஜோக்கைச் சொல்வதா விடுவதா என்று என்னிடம் கேட்காதீர்கள். நீங்கள் கேட்கவும் மாட்டீர்கள்.

மாமாவைக் கூப்பிட மூன்று தடவை போனை எடுத்தேன், மூன்று தடவையும் வைத்துவிட்டேன். போனில் சொல்கிற விஷயம் இல்லை அது. நவம்பர் முதல் வாரம் லீவு கிடைத்திருக்கிறது, டிக்கெட் போட்டுவிட்டேன். விமான நிலையத்துக்கு நீங்கள் வர வேண்டாம், முட்டியை வைத்துக்கொண்டு அலையாதீர்கள். மாமாவை மட்டும் வரச் சொல்லுங்கள். வீட்டுக்கு வருவதற்கு முன் நாங்கள் இரண்டு பேரும் நேரே சுவா சூ காங் கபுருஸ்தானுக்குப் போகிறோம்.

மாமாவிடம் சொல்லுங்கள், இனி எனக்கு மண்ணைக் காட்டலாம்.

உங்கள் மகன்,
ஸைஃப்